பாதைக்கும் துறைக்கும் இடையில்

வெல்லாவெளிக் கண்டத்தில் பெரும்போக அறுவடை.
மெஷின் திரும்பிய காற்றில்
ஒரு பதர் வந்து இடக்கண்ணில் இறங்கியது.
கசக்காதே என்றார்கள்,
கசக்கிய பிறகு.

போதனா வைத்தியசாலையில்
பஞ்சை வைத்து ஒட்டிவிட்டு
"மூன்று கிழமை பார்ப்பம், மிஸ்" என்றார் டொக்டர்.
எதால் பார்ப்பது என்று நான் கேட்கவில்லை.

முதல் நாள் தேத்தண்ணி
கோப்பைக்கு ஒரு விரல்கடை இப்பால் விழுந்தது.
இரண்டாம் நாளும்.
சாமி விளக்குத் திரிக்கு நீட்டிய தீக்குச்சி
வெறுங்காற்றில் எரிந்து
விரலைச் சுட்டு அணைந்தது.
எல்லாம் தெரிகிறது, ஆனால்.
கோப்பை, அதன் கைபிடி, அதில் அடித்த ரோசாப்பூ,
விளிம்பில் ஊரும் எறும்பு.
எவ்வளவு தூரம் என்பதை மட்டும்
ஆரோ கழுவித் துடைத்திருந்தார்கள்.
சங்கக்கடைக் கலண்டர்ப் படம் மாதிரி
முற்றம், கிணறு, மாமரம், நேசதுரை,
எல்லாரும் ஒரே தாளில்.

குறுமண்வெளித் துறையில்
பாதைக்கும் கரைக்கும் நடுவே
தண்ணீர் ஒரு சாணோ, ஒரு முழமோ.
பதினொரு வருடம் கால் தானே தாண்டிய இடம்.
அன்றைக்குக் கால் என்னைக் கேட்டது.
பின்னால் பாண்காரன் ஹோர்ன் அடிக்கிறான்.
"கெதியா ஏறுங்ககா!" ஒரு மீன்பெட்டிக்காரி.
நான் தலையை ஆட்டினேன்.
வலப்பக்கம் கொஞ்சம், இடப்பக்கம் கொஞ்சம்,
வேலியில் ஓணான் செய்யுமே, அப்படி.
பாதையின் விளிம்பு நகர்ந்தது.
மண்டூர்க் கரை நகராமல் நின்றது.
நடுவில் கிடந்த தண்ணீர்
கறுப்பாய், சரியாக ஒரு சாணாய்
மேலெழும்பி வந்தது.
தாண்டினேன்.

மறுகா பழகிவிட்டது.
இரண்டு கண் ஒரே நொடியில் விசாரிப்பதை
ஒற்றைக்கண் இரண்டு நொடியில் விசாரிக்கிறது.
இங்கிருந்து ஒரு தரம்,
சற்றே தள்ளி ஒரு தரம்.
கமநல நிலையத்தில் உரமானியப் படிவம் நீட்டியவர்களுக்கு
எல்லாவற்றுக்கும் நான் 'இல்லை' சொல்வதாகப் பட்டிருக்கும்.
பாலையடிவட்டைக் கந்தப்போடி
படிவத்தை மடித்துக்கொண்டு வாசலைக் கடந்துவிட்டார்.
ஓடிப்போய்க் கூட்டிவந்தேன்,
இடப்பக்கத் தூணில் தோளை இடித்துக்கொண்டு.

நேசதுரையோடு எட்டு மாதமாய்ப்
பேச்சு அளவோடுதான்.
எனக்குச் சொல்லாமல்
தம்பிக்கு எழுதிக்கொடுத்த இரண்டு ஏக்கர்.
அன்றிரவு சோறு போடும்போது
கரண்டிக்கும் தட்டுக்கும் உள்ள தூரத்தை அளக்கத்
தலையைச் சரித்தேன்.
அவர் ஒன்றும் பேசாமல்
தட்டைத் தூக்கிக் கரண்டிக்குக் கீழே பிடித்தார்.
இந்த எட்டு மாதத்தில் அந்தத் தட்டு
எத்தனை தரம் நகர்ந்ததோ,
நான் நின்ற இடத்திலேயே நின்றேனோ.
காணி இன்னும் தம்பியுடையதுதான்.
அதில் எனக்குக் கோபமும் இருக்கிறது.

பத்தொன்பதாம் நாள் பஞ்சை எடுத்தார்கள்.
திரும்பும் வழியில்
கல்லடிப் பாலத்தில் பஸ் இறுகி நின்றது.
பெருவிரலை நீட்டி
ஒவ்வொரு கண்ணாய் மூடிப் பார்த்தேன்.
வலக்கண் சொன்னது:
விரல் தோணிக்காரனை மறைக்கிறது.
இடக்கண், பனி மூட்டம் கலையாமலே, சொன்னது:
தோணிக்காரன் முழுசாய் நிற்கிறான்,
விரல் மறைப்பது வெறுந் தண்ணியை.
இரண்டு சாட்சியும் நானே.
இரண்டையும் திறந்தேன்.
விரல் கிட்ட வந்தது, வாவி தள்ளிப்போனது.
அவன் வீசிய வலை
விரிந்து, விரிந்து,
எனக்கும் அவனுக்கும் இடையில்
இவ்வளவு காற்று இருந்ததா என்று விழுந்தது.

பக்கத்துச் சீட்டுப் பெடியன் கேட்டான்:
"ஆருக்கு அன்ரி கை காட்டுறீங்க?"
விரலை மடக்கினேன்.
பஸ் வெளிக்கிட்டது.